வத்தல் சாக்குக்குள் முதலாளி

அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரத்துத் திருவிழா மேடைகளில் பபூன் காமிக் கட்டும் அண்ணன்மார்களுக்கும், அவர்களோடு எதிர்நின்று ஆடும் டான்ஸ் காமிக் அக்காமார்களுக்கும்,

பந்தல்குடியிலோ பரளச்சியிலோ நரிக்குடியிலோ வள்ளி திருமணம் என்று நோட்டீஸ் ஒட்டியிருந்தால், அதில் உங்கள் போட்டோ எங்கே என்றுதான் முதலில் தேடுவேன். முருகனும் வள்ளியும் தர்க்கத்துக்கு வந்து சேர நடுச்சாமம் தாண்டிவிடும். அதற்குள் பாதிச் சனம் விரித்த பாயிலேயே சாய்ந்துவிடும். ஊர் முழுக்கக் கண் விழித்து உட்கார்ந்து பார்க்கிற நேரம் உங்களுடைய நேரம். இருந்தும் நாடகத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் ராஜபார்ட்டையும் ஸ்திரீபார்ட்டையும் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதிவிட்டு, உங்களைப் பற்றி இரண்டு வரியோடு முடித்துக்கொள்கிறார்கள்.

உங்களிடம் ஒன்று கேட்கவே இந்த மடல். உங்களை வைத்துப் பதினாறு நிமிஷத்தில் ஒரு சிரிப்புப் படம் எடுக்க வேண்டும். அதில் ஒரு வார்த்தைகூட வசனம் இருக்காது. கதை நம் ஊர்க் கதையாகத்தான் தெரியும். ஆனால் அது மொலியேர் என்ற பிரெஞ்சு நாடகக்காரர் எழுதி 1671-இல் பாரிஸில் மேடையேறியது.

“எங்க பிழைப்பே வாயிலதான இருக்கு, வாயைக் கட்டிப்போட்டா எங்கிட்டுச் சிரிக்கிறது?” என்று நீங்கள் கேட்பது தெரிகிறது. என் கணக்கு வேறு. உங்களைக் கட்டிப்போட்டது மைக் என்று நினைக்கிறேன். மேடையின் முன்விளிம்பில் அதை நிறுத்தியதிலிருந்து உங்கள் ராஜ்யம் இரண்டடி வட்டமாகச் சுருங்கிவிட்டது. அரையடி விலகினால் வசனம் காற்றோடு போகிறது. செல்போனில் பிடித்து யூடியூபில் ஏற்றுகிறவர்களும் அந்த இரண்டடியைத்தான் பிடிக்கிறார்கள். ஆனால் அடிபிடி சீன் வந்துவிட்டால் நீங்கள் மைக்கை மறந்துவிடுகிறீர்கள். பெண்டாட்டி துரத்த, புருஷன் மேடையைச் சுற்றி ஓட, விழுந்த இடத்தில் கிடந்தபடியே ஹார்மோனியப் பெட்டிக்காரரைப் பார்த்து ஒரு முழி முழிப்பீர்களே, அந்த முழிக்கு எந்த வசனமும் ஈடாகாது. சங்கரதாஸ் சுவாமிகளின் நாடகங்கள் அச்சில் இருக்கின்றன. நீங்கள் ராத்திரியெல்லாம் செய்வது எந்த அச்சிலும் இல்லை. ஒருவர் செய்வதை இன்னொருவர் பார்த்துக் கற்று, கொஞ்சம் கூட்டி, கொஞ்சம் குறைத்து, உடம்பிலிருந்து உடம்புக்குப் போய்க்கொண்டிருக்கிறது. அதைப் பிடித்து வைக்க ஊமைப்படத்தைவிட நல்ல பாத்திரம் இல்லை.

ஊமைப்படத்துக்கும் பிரெஞ்சு நாடகத்துக்கும் உள்ள உறவு சினிமாவின் தொடக்க காலத்திலிருந்தே இருக்கிறது. 1900-இல் பாரிஸ் உலகக் கண்காட்சியில் கோக்லென் என்ற புகழ்பெற்ற நடிகர், மொலியேரின் ஒரு நாடகத்தில் தான் கட்டிவந்த வேலைக்காரன் வேஷத்தைக் காமிரா முன்னால் ஆடிக் காட்டினார். எஜமானின் உடுப்பை மாட்டிக்கொண்டு பெரிய சீமானாகப் பந்தா காட்டும் வேலைக்காரன் அவன். கடைசியில் எஜமானே வந்து அடித்து உடுப்பைப் பிடுங்கிக்கொண்டு போவான். 1908-இல் மெலியெஸ், சந்திரனுக்கு ஆள் அனுப்பிப் படம் காட்டினாரே அதே மனிதர், மொலியேரின் கஞ்சன் கதையைக் குட்டிப் படமாக எடுத்தார். அப்புறம் மாக்ஸ் லிண்டர். சினிமாவுக்கு வருமுன் போர்தோ நகரத்து நாடக அரங்கில் சம்பளத்துக்கு மொலியேர் நாடகங்கள் ஆடியவர். பாத்தே கம்பெனிக்காக நூற்றுக்கணக்கில் சிரிப்புப் படங்கள் ஆடி உலகம் முழுக்கப் பெயர் வாங்கினார். சாப்ளின் தன் புகைப்படத்தில், இவருடைய சீடன் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு இவருக்கே கொடுத்திருக்கிறார்.

லிண்டர் அமெரிக்காவில் 1921-இல் எடுத்த ஒரு படத்தில் ஆளுயரக் கண்ணாடி ஒன்றை வேலைக்காரர்கள் உடைத்துவிடுவார்கள். எஜமானுக்குத் தெரியாமல் இருக்க, ஒருவன் எஜமானைப் போலவே உடுத்திக்கொண்டு வெறும் சட்டத்துக்கு அந்தப் பக்கம் நின்று, இவர் கையைத் தூக்கினால் தானும் தூக்குவான், இவர் சவரம் செய்தால் தானும் செய்வான். இணையத்தில் கிடைக்கிறது, பாருங்கள். நீங்களும் உங்கள் டான்ஸ் அக்காவும் ஒருவரை ஒருவர் பழித்துக் காட்டும் இடம் ஞாபகத்துக்கு வரும்.

நம் பக்கத்துக்குச் சினிமா வந்த வழியிலும் ஒரு பிரெஞ்சுக்காரர் நிற்கிறார். 1905-இல் திருச்சியில் ரயில்வே வேலையில் இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், ஊர் ஊராகப் படம் காட்டிக்கொண்டு வந்த டுபான் என்பவரிடமிருந்து புரொஜெக்டரையும் படச்சுருள்களையும் விலைக்கு வாங்கி, வேலையை விட்டுவிட்டுக் கூடாரத்தோடு கிளம்பினார். தென்னாட்டுக் கொட்டகைச் சினிமா அப்படித் தொடங்கியதுதான். பிறகு நாமே எடுத்த ஊமைப்படங்களில் அநேகமாக எதுவும் மிஞ்சவில்லை. நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’ (1933) மட்டும் வழக்கில் சிக்கிப் பூட்டிக் கிடந்ததால் பிழைத்துக்கொண்டது. வழக்குப் போட்டவருக்குக் கோயில் கட்ட வேண்டும்.

இனி மொலியேர். அவரை நீங்கள் அந்நியராக நினைக்க வேண்டியதில்லை. பாரிஸில் கடன் தொல்லையில் கம்பெனி முறிந்து, பதின்மூன்று வருஷம் வெளியூர்களில் சுற்றி ஆடியவர். 1658-இல் திரும்பி வந்து ராஜாவின் தயவில் அரங்கம் கிடைத்தபோது, அந்த அரங்கத்தை ஓர் இத்தாலிய நாடகக் குழுவோடு நாள் பிரித்துப் பங்கு போட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. அந்த இத்தாலியர்களைத்தான் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். அவர்களிடம் எழுதிய வசனம் கிடையாது. இன்ன கதை, இன்னார் இன்ன வேஷம், அவ்வளவுதான். கஞ்சக் கிழவன், காதலர்கள், தந்திரக்கார வேலைக்காரன் என்று வேஷங்கள் நிலையாக இருக்கும். ஆளாளுக்குத் தன் வேஷத்தைக் கரைத்துக் குடித்திருப்பார்கள். மேடையில் எதிரே வருகிறவர் கொடுப்பதை வாங்கித் திருப்பிக் கொடுப்பார்கள். ஒத்திகை பார்க்காமல், மதுரையிலிருந்து ஒருவர், புதுக்கோட்டையிலிருந்து ஒருவர், மானாமதுரையிலிருந்து ஒருவர் என்று தனித்தனியாக வந்து இறங்கி, ஒப்பனைக் கொட்டகையில் தேநீர் குடிக்கும் நேரத்தில் பேசிக்கொண்டு பத்து மணிக்கு மேடை ஏறும் உங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இத்தாலியர்களிடம் மொலியேர் படித்தார். அவர்களுடைய தந்திரக்கார வேலைக்காரனை எடுத்துத்தான் ஸ்காப்பென் என்று தன் நாடகத்துக்குத் தலைவனாக்கினார். அந்த வேஷத்தைத் தானே கட்டினார்.

1673-இல் மேடையில் ஆடிக்கொண்டிருந்த அன்று ராத்திரியே அவர் செத்துப்போனார். நடிகன் என்பதற்காகத் திருச்சபை அடக்கம் செய்ய மறுத்தது. மனைவி ராஜாவிடம் போய் மன்றாடியபின், இருட்டில், சடங்கைச் சுருக்கிப் புதைத்துக்கொள்ள அனுமதி கிடைத்தது. கூத்தாடி வீட்டில் பெண் எடுக்க மாட்டோம் என்ற பேச்சைக் கேட்டவர்கள் உங்களில் எத்தனை பேர் என்று நான் கேட்கப் போவதில்லை.

ஸ்காப்பெனின் கதை இது. இரண்டு கிழவர்கள், இரண்டு மகன்கள். மகன்கள் அப்பன்மார் ஊரில் இல்லாத நேரத்தில் காதலில் விழுந்து பணமில்லாமல் தவிக்க, ஸ்காப்பென் பொய்மேல் பொய்யாக அடுக்கி அந்தக் கஞ்சர்களிடமிருந்தே பணத்தைக் கறக்கிறான். உங்கள் மகனைத் துருக்கியர் கப்பலில் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள், ஐந்நூறு காசு கொடுத்தால்தான் விடுவார்கள் என்று ஒரு கிழவரிடம் சொல்வான். அவர் மகனைப் பற்றிக் கவலைப்படாமல், அவன் எதற்கு அந்தக் கப்பலில் ஏறினான் என்று திரும்பத் திரும்ப அதே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருப்பார். காசைக் கொடுக்கக் கையை நீட்டுவார், கொடுக்காமல் மறுபடி பையிலேயே போட்டுக்கொள்வார். பிறகு வருவது சாக்குக் காட்சி. உங்களைக் கொல்ல ஆட்கள் தேடி வருகிறார்கள் என்று பயமுறுத்திக் கிழவரைச் சாக்குக்குள் நுழைய வைத்துவிட்டு, குரலை மாற்றி மாற்றி அந்த ஆட்களாகத் தானே பேசி, கம்பால் சாக்கை மொத்துகிறான். ஒரு தடவை, இரண்டு தடவை. மூன்றாம் தடவை கிழவர் மெல்லத் தலையை வெளியே நீட்டிப் பார்த்துவிடுகிறார்.

அன்றைக்கும் இதைச் சிலருக்குப் பிடிக்கவில்லை. மொலியேரின் நண்பரான புலவர் புவாலோவே, உயர்ந்த நாடகங்கள் எழுதிய கை இந்தச் சாக்கைத் தொட்டிருக்க வேண்டாம் என்ற பொருளில் கவிதையில் குத்தினார். பாலத்தடியில் மருந்து விற்கக் கூட்டம் சேர்க்கும் தெருக் கோமாளியின் தரத்துக்கு இறங்கிவிட்டாரே என்பது அவருடைய வருத்தம். ராஜபார்ட்டைப் பாராட்டிவிட்டுப் பபூன் வந்ததும் முகம் சுளிக்கும் பெரியமனிதர்கள் எல்லா ஊரிலும் உண்டு போல. முந்நூற்றைம்பது வருஷமாகச் சனம் அந்தச் சாக்குக் காட்சிக்காகத்தான் அந்த நாடகத்தைப் போய்ப் பார்க்கிறது.

தமிழுக்கு ஸ்காப்பெனைக் கொண்டுவந்தவர் பம்மல் சம்பந்த முதலியார். 1891-இல் சென்னையில் சுகுண விலாச சபாவைத் தொடங்கியவர், பின்னாளில் நீதிபதி. ஸ்காப்பெனைக் காளப்பன் ஆக்கி, ‘காளப்பன் கள்ளத்தனம்’ என்று நாடகமாக எழுதினார். படித்தவர்கள் சபையின் நாடகம் என்று ஒதுக்கிவிடாதீர்கள். அதே முதலியாரின் ‘சபாபதி’யை 1941-இல் மெய்யப்பச் செட்டியார் படமாக்கியபோது வேலைக்காரச் சபாபதியாக வந்தவர் காளி என். ரத்னம். பாய்ஸ் கம்பெனி மேடையில் வளர்ந்தவர்; அங்கே சின்னப் பையன்களுக்குப் பயிற்சி கொடுத்தவர்களில் ஒருவர். அந்தப் பையன்களில் ஒருவர்தான் 1977-இல் நம் அருப்புக்கோட்டையில் நின்று ஜெயித்து முதலமைச்சரான எம்.ஜி.ஆர். உங்கள் மேடைகளில் இன்றைக்கும் எம்.ஜி.ஆர். பாட்டுக்கு விசில் பறக்கிறது. அவருக்கு நடிப்புச் சொல்லிக் கொடுத்தவர் ஒரு காமெடியன் என்பதை அடுத்த தடவை மைக்கில் சொல்லிவிடுங்கள், புண்ணியமாகப் போகும்.

காளப்பனைத்தான் நான் படமாக எடுக்கக் கேட்கிறேன். முழுக் கதையும் வேண்டாம், சாக்குக் காட்சி போதும்.

இங்கே ஒரு சிக்கல் இருக்கிறது. அதை உங்களோடு பேசத்தான் எனக்கு ஆசை. மேடையில் அந்தக் காட்சி காதுக்கானது. சாக்குக்குள் இருப்பவருக்குக் கண் தெரியாது, குரல்தான் கேட்கும். நடிகர் மூன்று குரலில் பேசிச் சிரிக்க வைப்பார். ஊமைப்படத்தில் குரல் கிடையாது. பார்க்கிறவர்களுக்கு அடிக்க வந்த ஆள் மாறிவிட்டான் என்று எப்படித் தெரியும்? நான் யோசித்தது இது. ஒவ்வொரு ஆளாகப் பேசும்போதும் காளப்பன் வேஷத்தையே மாற்றுகிறான். தலைப்பாகை கட்டி மீசையை முறுக்கி ஒரு ரவுடி. அதை அவிழ்த்து, வேட்டியை மடித்துக் கட்டி, வெற்றிலை குதப்பிக்கொண்டு ஒரு தரகர். அப்புறம் தொப்பியும் லத்தியுமாக ஒரு ஏட்டு. சாக்குக்குள் இருப்பவர் இதில் ஒன்றையும் பார்க்கப் போவதில்லை! இருந்தும் அவன் மெனக்கெட்டு, வியர்த்து விறுவிறுத்து, மீசை ஒட்டவில்லை என்று எச்சில் தொட்டு ஒட்டி, கண்ணாடி பார்த்துவிட்டு வந்து அடிக்கிறான். வேஷம் சரியாக அமையாமல் அடிப்பது அவனுக்கு மரியாதைக் குறைவு. யாருமே பார்க்காதபோதும் ஒப்பனை கலையாமல் நிற்கும் நடிகன் அவன். மேடையில் முப்பது எண்ணுவதற்குள் கோட்டை மாற்றிக்கொண்டு ஓடி வருகிறவர்களுக்குத்தான் இது வரும். சினிமாக்காரர்களால் ஆகாது.

சாக்கு விஷயத்தில் நம் மண் மொலியேருக்கு மேல் ஒரு படி ஏறிக்கொள்ளலாம். கரிசலில் பருத்திச் சாக்கு உண்டு, உளுந்துச் சாக்கு உண்டு, மல்லிச் சாக்கு உண்டு. நான் கேட்பது மிளகாய் வத்தல் சாக்கு. உள்ளே போனவர் தும்மாமல் இருக்க முடியாது. தும்மினால் ஒளிந்திருப்பது தெரிந்துவிடும் என்ற பயம் வேறு. அவர் மூக்கை அடக்க அடக்கச் சாக்கு குலுங்கும், உப்பும், சுருங்கும், கடைசியில் ஒரு தும்மலில் மூட்டையே ஓர் அடி எம்பிக் குதிக்கும். சத்தமில்லாத படத்தில் தும்மலைக் கண்ணால் பார்ப்பதே சிரிப்பு. நிஜ வத்தல் நெடி வேண்டாம், சாக்கை அலசித்தான் தருவோம். உள்ளே உமியும் பஞ்சும் வைத்துத் தைப்போம். அடி விழ வேண்டிய இடம் எது, விழாத இடம் எது என்பதை நீங்கள் எனக்குச் சொல்லித் தர வேண்டும்.

சாக்குக்குள் போகும் முதலாளி யார் என்பதில் நான் கண்டிப்பாக இருக்கிறேன். நம் வட்டாரத்தில் ஒரு துண்டு போடும் விதத்தை வைத்தே இவர் இன்னார் என்று எடைபோட்டு அடுத்த நாள் சண்டைக்கு வந்துவிடுவார்கள். ஆகவே அவருக்குச் சாதி காட்டும் அடையாளம் எதுவும் இருக்காது. வட்டிக்கு விடுகிறவர், அவ்வளவே. இடுப்பில் ஒரு சாவிக்கொத்து, கையில் ஒரு நோட்டு. வட்டிக்கு வாங்காத சாதி இங்கே எது? எல்லோரும் சேர்ந்து சிரிக்கலாம்.

அக்காமார்களிடமும் ஒன்று. காளப்பன் ஆணாகத்தான் இருக்க வேண்டுமா? அடிபிடி சீனில் அடி வாங்குவதும் திருப்பிக் கொடுப்பதும் உங்களுக்குப் புதிதில்லை. அதில் பல இடங்களில், பெண்டாட்டியை அடிப்பதற்குச் சனம் சிரிக்கிறதே என்று எனக்கு உள்ளுக்குள் நெருடும். மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். வட்டிக்காரர் வீட்டில் பாத்திரம் தேய்க்கிற பெண் தலைப்பாகை கட்டி, மீசை ஒட்டி, ரவுடியாகவும் ஏட்டாகவும் வந்து சாக்கை வெளுத்தால் அந்தச் சிரிப்பு வேறு மாதிரி இருக்கும் என்று படுகிறது. முடிவு உங்களுடையது, மீசை உங்களுக்கு உறுத்தும் என்றால் விட்டுவிடுவோம்.

படப்பிடிப்புக்குத் திருச்சுழிக்குப் பக்கத்தில் குண்டாற்று மணல் போதும். வருஷத்தில் பெரும்பாலான நாள் தண்ணீர் வந்து தொந்தரவு செய்யாத ஆறு அது. ஒரு பக்கம் சீமைக்கருவேலம், ஒரு பக்கம் பொட்டல். வேறு ஜோடனை வேண்டாம். வெளிச்சத்துக்கு நாம் யாரிடமும் கை நீட்ட வேண்டியதில்லை. ஆரம்ப கால ஊமைப்படங்கள் பெரும்பாலும் வெயிலில் எடுத்தவை. மெலியெஸ் கண்ணாடிக் கூரை போட்டு அரங்கம் கட்டினார். 1917 வாக்கில் தென்னாட்டின் முதல் கதைப்படமான ‘கீசக வதம்’ படத்தை எடுத்த நடராஜ முதலியார், புரசைவாக்கத்தில் தலைக்கு மேல் மெல்லிய வெள்ளைத் துணியைக் கட்டி வெயிலை வடிகட்டிக்கொண்டார். நாமும் அதையே செய்யலாம். தறி ஓடும் அருப்புக்கோட்டையில் துணிக்கா பஞ்சம்? பதினாறு நிமிஷம் என்று சொன்னதும் கணக்கோடுதான். அந்தக் காலத்து ஒரு ரீல் ஆயிரம் அடி. நொடிக்குப் பதினாறு படம் வீதம் ஓட்டினால் நொடிக்கு ஓர் அடி ஓடும், பதினாறு நிமிஷம் சொச்சத்தில் ரீல் தீரும். நாம் எடுக்கப் போவது செல்போனில் என்றாலும் ஒரு ரீலுக்குள் முடிப்போம். நீட்டினால் சாக்குக்குள் இருப்பவருக்கு மூச்சு முட்டும்.

புரட்டாசியில் உங்களுக்கு நாடகம் குறைவு, வெயிலும் இருக்கும். இரண்டு பகல் கொடுங்கள். பகலுக்கு, நீங்கள் ஒரு ராத்திரி நாடகத்துக்கு வாங்கும் அதே சம்பளம். ஏஜென்ட் கமிஷன் கிடையாது. படத்தில் உங்கள் பெயர் நோட்டீஸில் போடுவதுபோல் பட்டத்தோடு வரும்.

படத்தை எங்கே போடுவது என்பதற்கும் யோசனை உண்டு. அடுத்த பங்குனி, சித்திரையில் உங்கள் நாடகத் திடலிலேயே, பத்து மணிக்கு மேடை தொடங்கும் முன்னால், திரைச்சீலைமேல் ஓட்டுவோம். ஊமைப்படம் ஓடிய காலத்தில் கொட்டகை ஊமையாக இருந்ததில்லை. வாத்தியக்காரர்கள் பக்கத்தில் உட்கார்ந்து வாசித்தார்கள், எழுத்து வாசிக்கத் தெரியாதவர்களுக்கு ஒருவர் உரக்கக் கதை சொன்னார். நம்மிடம் ஹார்மோனியம் இருக்கிறது, மிருதங்கம் இருக்கிறது, எல்லாவற்றுக்கும் மேல் ஆல்ரவுண்ட் வாத்தியக்காரர் இருக்கிறார். கம்பு சாக்கில் விழும் ஒவ்வொரு அடிக்கும் அவர் அங்கேயே ஒன்று போடுவார். அடுத்த ஊரில் அதே அடிக்கு வேறு மாதிரி போடுவார். விழாக் கமிட்டியாரிடம் பதினாறு நிமிஷம் கேட்டு வாங்குவது என் பொறுப்பு. பெட்டிக்காரருக்கு இதற்குத் தனிச் சம்பளம் பேச வேண்டும். அதை இப்போதே எழுதிவிடுகிறேன், பிறகு சொன்னால் அவர் கோபித்துக்கொண்டு முதல் பாட்டையே எட்டுக்கட்டையில் எடுத்துவிடுவார்.

இப்படிக்கு,
உங்கள் முன்வரிசைப் பாய்க்காரன்